அட்டைப்பெட்டிக் கம்பெனிக்குப் பாதுகாப்பு

அந்தியூர்ப் பக்கத்திலிருந்து மாறுதலாகி, பெருந்துறைக்கு அருகே ஒரு ஸ்டேஷனுக்கு நான் சப்-இன்ஸ்பெக்டராக வந்து சேர்ந்த புதிது. ஒரு நாள் காலை இன்ஸ்பெக்டர் என்னைக் கூப்பிட்டு, மேஜையில் கிடந்த சில தாள்களை என் பக்கம் தள்ளினார். சென்னை உயர் நீதிமன்றத்தின் உத்தரவு. எங்கள் எல்லைக்குள் இருந்த ஓர் அட்டைப்பெட்டிக் கம்பெனியின் வண்டிகள் தடையில்லாமல் வந்துபோகப் போலீஸ் பாதுகாப்புக் கொடுக்க வேண்டும் என்று அதில் இருந்தது.

"பேசித் தீத்துக்கங்கன்னு எத்தனை தடவை சொன்னேன். அந்தக் கம்பெனிக்கார அம்மா நேரா கோர்ட்டுக்கே போயிருச்சு. இனி நாம வாசல்ல நின்னுதான் ஆகணும்," என்றார் சலிப்போடு. பிறகு, "வண்டிக்கு முன்னால பொம்பளைங்களக் கொண்டாந்து உக்கார வெக்கறாங்க. அவங்களைத் தூக்கணும்னா நீங்கதாம்மா போகணும்," என்றார்.

விஷயம் இதுதான். அந்தக் கம்பெனி திருப்பூர் பனியன் கம்பெனிகளுக்கு அட்டைப்பெட்டி செய்து கொடுத்தது. மடித்த பெட்டிகளைக் கட்டுக் கட்டாகக் கட்டி லாரியில் ஏற்றுவது அங்கேயே வேலை செய்யும் பெண்கள். அந்த வட்டாரத்துச் சுமைத் தொழிலாளர் சங்கம், எந்தக் கம்பெனிச் சரக்காக இருந்தாலும் தங்கள் ஆட்கள்தான் ஏற்ற வேண்டும் என்றது. கம்பெனி ஆட்களே ஏற்றினாலும் தங்களுக்குக் கூலி வந்தாக வேண்டும் என்றது. சுற்றியிருந்த மற்ற கம்பெனிகள் ஏதோ கொடுத்துவிட்டுப் பேசாமல் இருந்தன. இந்தக் கம்பெனி கொடுக்கவில்லை. சங்கத்தார் வண்டிகளை மறித்தார்கள். ஸ்டேஷனில் புகார் கொடுத்தும் பலனில்லை. தாலுகா ஆபீசில் வைத்த பேச்சுவார்த்தையும் முறிந்தது. சரக்கு உள்ளேயே தேங்கிக் கிடக்க, திருப்பூர் ஆர்டர்கள் ஒவ்வொன்றாக வேறு கம்பெனிகளுக்குப் போகத் தொடங்கின. அதற்குப் பிறகுதான் அந்த அம்மா வக்கீலைப் பார்த்தார்.

மறுநாளே சரக்கு அனுப்பப்போவதாகக் கம்பெனி சொல்லியிருந்தது. உத்தரவு வந்த அன்று மாலையே நான் இடத்தைப் பார்க்கப் போனேன். அந்தியூர்ச் சந்தையில் மாடுகளுக்கும் குதிரைகளுக்கும் நடுவில் கூட்டத்தை நகர்த்திப் பழகியவள் நான். எங்கே நிற்பது, எந்தப் பக்கம் வழிவிடுவது என்று முதல் நாளே கண்ணால் பார்க்காமல் எனக்கு வேலை ஓடாது.

அந்த அம்மாவே கேட்டருகே வந்து என்னை அழைத்துப்போனார். ஐம்பது வயதிருக்கும். தலையில் முக்காடு, மேலே காக்கி நிறத்தில் ஒரு தொழிற்சாலைக் கோட்டு. கோயமுத்தூர் கோட்டைமேட்டுக்காரர். அங்கே ஒரு சந்துக்குள் மிட்டாய்க் கடைகளுக்குப் பெட்டி மடித்துக் கொடுத்து ஆரம்பித்த தொழில் இது. கணவர் திருப்பூரில் ஆர்டர் பிடிப்பதையும் வசூலையும் பார்த்துக்கொள்ள, தொழிற்சாலை முழுக்க இவர் பொறுப்பு. வேலையாட்கள் இவரைப் பாயம்மா என்று கூப்பிட்டார்கள்.

"மேடம், ஒண்ணு கேட்டுக்கறேனுங்க. நாளைக்கு யாரு மேலயும் அடி விழக் கூடாதுங்க," என்றார்.

பாதுகாப்புக் கேட்பவர்கள் வழக்கமாக இதற்கு நேர்மாறாகத்தான் பேசுவார்கள். முட்டியைப் பெயர்த்துவிடுங்கள் என்று காதோரம் சொன்னவர்களை எனக்குத் தெரியும். அதனால் இவர் பேச்சுக்குச் சொல்கிறார் என்று எடுத்துக்கொண்டேன்.

"மத்த கம்பெனிக்காரங்க மாதிரி ஏதாவது குடுத்து முடிச்சிருக்கலாமேங்க," என்று கேட்டேன்.

அவர் என்னைக் கூட்டிக்கொண்டு பேக்கிங் பகுதிக்கு நடந்தார். பத்துப் பன்னிரண்டு பெண்கள் சேலைக்கு மேல் சட்டை போட்டுக்கொண்டு, உள்ளே நின்றிருந்த லாரியில் கட்டுகளை ஏற்றிக்கொண்டிருந்தார்கள். கீழே ஒரு வரிசை, மேலே ஒரு வரிசை. கட்டு கைமாறிக் கைமாறி மேலே போய்க்கொண்டே இருந்தது. யாரும் யாரையும் அவசரப்படுத்தவில்லை.

"இவங்க தூக்கறதுக்கு அவங்களுக்குக் கூலி குடுத்தா, அப்புறம் இவங்க தூக்குனதுக்கு என்னங்க அர்த்தம்?" என்றார் பாயம்மா. "அவங்களே தூக்கட்டும்னு உட்டா, இதுல யாரை ஊட்டுக்குப் போகச் சொல்றது? நீங்களே ஒரு ஆளைக் கை காட்டுங்க, பாக்கலாம்."

நான் கை காட்டவில்லை.

"அவங்களும் கெட்டவங்க இல்லைங்க," என்று தொடர்ந்தார். "முன்னால மூட்டை தூக்குன எடமெல்லாம் மெசின் வந்துருச்சு. வேலை கொறைஞ்சுபோச்சு. அது எனக்குத் தெரியாம இல்லீங்க. பேப்பர் ரீல் எறக்கற வேலையத் தர்றேன்னு தாலுகா ஆபீஸ்லயே சொன்னேன். பேப்பர் மில்லுக்காரங்க இனி எறக்க ஆள் அனுப்ப மாட்டோம்னுட்டாங்க. அது நெஜமாவே ஆம்பளைங்க நாலஞ்சு பேர் வேணுங்கற வேலைங்க. சங்கத் தலைவரு வேண்டாம்னுட்டாரு."

லாரியின் மேல் நின்று கட்டுகளை வாங்கி அடுக்கிக்கொண்டிருந்த உயரமான பெண்தான் அந்தக் குழுவுக்குத் தலைவி. அவள் கணவன் வெளியே மறிக்கும் சங்கத்தில் இருக்கிறான் என்று பாயம்மா எனக்கு மெதுவாகச் சொன்னார். அவள் கீழே இறங்கி வந்ததும், "நாளைக்கு நீ லீவு எடுத்துக்க கண்ணு. ஊட்டுல சங்கடம் வேண்டாம்," என்றார்.

அவள் சட்டையில் ஒட்டியிருந்த அட்டைத் தூசியைத் தட்டிக்கொண்டே, "லீவு போட்டாத்தான் பாயம்மா சங்கடம்," என்றாள். "நான் செய்யறது தப்புன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிருமுங்க. நான் வாரேன்."

அவள் கணவனைப் பற்றி ஒரு வார்த்தைகூடக் குறையாகச் சொல்லவில்லை. அது எனக்குப் பிடித்திருந்தது.

மறுநாள் காலை நாங்கள் போய் இறங்கியபோது சங்கத்தார் சாலையின் குறுக்கே கொடிகளோடு நின்றிருந்தார்கள். அவர்களுக்கு முன்னால் அவர்கள் வீட்டுப் பெண்கள் தார்ச்சாலையிலேயே உட்கார்ந்திருந்தார்கள். சிலர் மடியில் டிபன் தூக்கு. சாயங்காலம் வரை எழுந்திருக்கும் எண்ணம் இல்லை என்று பார்த்ததும் தெரிந்தது.

நான் மைக்கில் உத்தரவைப் படித்தேன். வண்டிகளைத் தடுக்கக் கூடாது, சாலையோரமாக அமைதியாக உட்கார்ந்து எதிர்ப்பைக் காட்டுவதற்குத் தடையில்லை என்பதை இரண்டு முறை படித்தேன்.

சங்கத் தலைவர் முன்னால் வந்தார். நரைத்த மீசை, தோளில் துண்டு, தொண்டை கட்டிப்போன குரல். "கோர்ட்டு எங்களுக்குச் சோறு போடுமாங்க மேடம்? அதை மட்டும் சொல்லிப்போடுங்க, நாங்க எந்திரிச்சுப் போயிர்றோம்," என்றார்.

"அதுக்கு நான் பதில் சொல்ல முடியாதுங்க. வண்டி போக வழி உடுங்க. அதுக்குத்தான் வந்திருக்கேன்."

கேட் திறந்தது. லாரி வெளியே வந்து சாலையில் திரும்பியது. அப்போது எங்கிருந்தோ ஒரு கல் பறந்து வந்து ஓட்டுநர் பக்கத்துக் கண்ணாடியில் விழுந்தது. கண்ணாடி நொறுங்கியது. ஓட்டுநர் புருவத்தைப் பிடித்துக்கொண்டு கீழே குதித்தார். விரல்களின் வழியே ரத்தம்.

என் பின்னால் இருந்த போலீஸ்காரர்கள் லத்தியை ஓங்கிக்கொண்டு நகர்ந்தார்கள். உட்கார்ந்திருந்த பெண்கள் அலறினார்கள். நான் வாயைத் திறப்பதற்குள் பாயம்மா கேட்டுக்குள்ளிருந்து வேகமாக வந்து, போலீசுக்கும் அந்தப் பெண்களுக்கும் நடுவில் நின்றார்.

"மேடம், ஒரு நிமிசம் பொறுங்க. ஒரே ஒரு நிமிசம்."

எங்கள் ஆட்களை நிற்கச் சொன்னேன். அது சரியா தவறா என்று யோசிக்கக்கூட நேரமில்லை. இந்த அம்மா நடுவில் நிற்கும்போது லத்தி விழுந்தால் முதல் அடி அவர் மேல்தான் விழும். அது மட்டும் தெரிந்தது.

பாயம்மா தன் முக்காட்டு முனையையே மடித்து ஓட்டுநரின் புருவத்தில் அழுத்தினார். உள்ளே கூட்டிப்போய்க் கட்டுப்போடச் சொன்னார். ஓட்டுநர், "அம்மா, என்னால இன்னிக்கு வண்டி எடுக்க முடியாதுங்க. கோவிச்சுக்காதீங்க," என்றார். "போ கண்ணு. யாரு உன்னை எடுக்கச் சொன்னா," என்றார் அவர்.

இனி அன்றைக்குச் சரக்கு போகாது என்றுதான் நான் நினைத்தேன். சங்கத்தாரும் அப்படித்தான் நினைத்திருக்க வேண்டும். கொடி பிடித்திருந்தவர்களில் சிலர் சிரித்தார்கள்.

மதிலோரமாகக் கம்பெனியின் மினி வேன் ஒன்று நின்றிருந்தது. பாயம்மா அதைக் காட்டி, பேக்கிங் பெண்களிடம், "அவசர ஆர்டர் மட்டும் இதுல மாத்துங்க," என்றார். அந்த உயரமான பெண் லாரியில் ஏறினாள். மற்றவர்கள் வரிசையாக நின்றார்கள். முந்தின நாள் மாலை நான் உள்ளே பார்த்த அதே வேலை இப்போது நடுச்சாலையில், நொறுங்கிய கண்ணாடித் துண்டுகளுக்குப் பக்கத்தில், கொடிகளுக்கும் லத்திகளுக்கும் முன்னால் நடந்தது. லாரியிலிருந்து கட்டுகள் கைமாறிக் கைமாறி வேனுக்குப் போயின.

யாரும் கோஷம் போடவில்லை. சுமை தூக்குகிறவர்கள் சுமை தூக்குவதைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். உட்கார்ந்திருந்த பெண்களும் கழுத்தைத் திருப்பிப் பார்த்தார்கள். கூட்டத்தில் அந்த உயரமான பெண்ணின் கணவன் யார் என்று எனக்கு அப்போது தெரியாது. ஆனால் ஒருவன் மட்டும் தலையைக் குனிந்து நின்றதைக் கவனித்தேன். பிறகு கேட்டபோது அவன்தான் என்றார்கள்.

வேன் நிறைந்ததும் பாயம்மா ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்து ஏறி உட்கார்ந்தார். அவரே ஓட்டுவார் என்று நான் எதிர்பார்க்கவில்லை. உயரமான பெண் பக்கத்து இருக்கையில் ஏறிக்கொண்டாள். நான் வேனுக்கு முன்னால் நடந்தேன். வேன் என் நடைக்குத் தகுந்தபடி ஊர்ந்து வந்தது. உட்கார்ந்திருந்த பெண்களுக்கு அருகே வந்ததும் எஞ்சினை அணைத்துவிட்டுக் கீழே இறங்கினார் பாயம்மா.

"எந்திரிச்சுப் போக வேண்டாமுங்க," என்றார் அவர்களிடம். "கொஞ்சம் ஓரமா உக்காருங்க, போதும். அந்த வேலாமரத்தடியில நெழல் இருக்குது. எங்கூட்டுப் பைப்புல தண்ணி புடிச்சுக்கங்க. இங்க தாரு காலைச் சுடும்."

முன்வரிசையில் இருந்த ஒரு நடுவயதுப் பெண், "நீங்க லோடைக் கொண்டுக்கிட்டுப் போயிருவீங்க. எங்க ஊட்டுக்காரங்களுக்கு வேலை யாருங்க குடுக்கறது?" என்றாள். குரலில் கோபத்தைவிடக் களைப்புத்தான் அதிகம்.

"ரீல் எறக்கற வேலைய உங்களுக்கே தர்றேன்னு அன்னிக்கே சொல்லிட்டனுங்களே. நாளைக்குக்கூட ஒரு வண்டி வருது. ஆள் இல்லாம நானே முழிச்சுக்கிட்டு இருக்கேன்."

அந்தப் பெண் பாயம்மாவை நிமிர்ந்து பார்த்தாள். "எந்த ரீலுங்க? யாருகிட்டச் சொன்னீங்க?"

"தாலுகா ஆபீஸ்லீங்க. உங்க தலைவருகிட்டத்தான்."

வேனுக்குள்ளிருந்த உயரமான பெண், "நானும் சொன்னனேக்கா," என்றாள். "ஊட்டுல நாலு தடவை சொன்னேன். கம்பெனிக்காரி சும்மா சொல்றான்னுட்டாங்க."

பெண்கள் எல்லோரும் திரும்பித் தலைவரைப் பார்த்தார்கள். முன்வரிசைப் பெண், "ஏனுங்கண்ணா, இது நெசமுங்களா?" என்று கேட்டாள்.

தலைவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "வாரத்துக்கு ஒண்ணு ரெண்டு வண்டிதான் அம்மணி வரும். அதைப் போயி ஒரு வேலைன்னு..." என்று ஆரம்பித்தவர் பாதியில் நிறுத்திக்கொண்டார்.

"வேணுமா வேண்டாமான்னு எங்களைக் கேட்டிருக்கலாமில்லீங்க," என்று சொல்லிவிட்டு அவள் எழுந்தாள். தூக்கை எடுத்துக்கொண்டு மரத்தடிக்கு நடந்தாள். ஒவ்வொருவராக மற்றவர்களும் எழுந்தார்கள்.

எல்லோரும் எழுந்துவிடவில்லை. இரண்டு மூன்று பேர் அப்படியே இருந்தார்கள். பெண் போலீசாரோடு சேர்ந்து நான் அவர்களைத் தூக்கி ஓரத்தில் விட்டேன். அதில் ஒருத்தி அழுதுகொண்டே என் முழங்கையைக் கீறிவிட்டாள். ஆண்களில் நகர மறுத்த சிலரைப் போலீஸ் வேனில் ஏற்றி ஒரு கல்யாண மண்டபத்தில் வைத்தோம். பாயம்மா மறுபடி வண்டியில் ஏறி, திருப்பூர் போகும் சாலையில் திரும்பினார். யார் மேலும் லத்தி விழவில்லை. என் சர்வீசில் அப்படி முடிந்த மறியல்கள் குறைவு.

நான் அந்த அம்மாவை உண்மையில் மதிக்க ஆரம்பித்தது அன்று மாலை. திருப்பூரிலிருந்து திரும்பி நேராக ஸ்டேஷனுக்கு வந்தார். முக்காட்டில் ஓட்டுநரின் ரத்தம் காய்ந்திருந்தது. கல்லெறிந்ததற்குப் புகார் எழுதித் தரும்படி இன்ஸ்பெக்டர் கேட்டார்.

"தலைவர்தான் எறிஞ்சார்னு எழுதுங்க. இல்லாட்டி அவர் சொல்லித்தான் எறிஞ்சாங்கன்னு எழுதுங்க. ஆளைக் கோயமுத்தூர் ஜெயிலுக்கு அனுப்பிடறேன். அதோட உங்க பிரச்சினை தீர்ந்தது."

இன்ஸ்பெக்டர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. ஸ்டேஷன்களில் பல தொல்லைகள் இப்படித்தான் முடிகின்றன. அதைவிட, அந்த அம்மாவுக்கு அதில் எவ்வளவு லாபம் என்று நினைத்துப் பார்த்தேன். தலைவர் உள்ளே போனால் சங்கம் கலைந்துவிடும். வாசலில் இனி யாரும் நிற்க மாட்டார்கள்.

பாயம்மா பேனாவை எடுத்தார். கண்ணாடி உடைந்தது, ஓட்டுநருக்குக் காயம் பட்டது, எறிந்தவர் யாரென்று தெரியவில்லை என்று நிதானமாக எழுதி நீட்டினார்.

இன்ஸ்பெக்டர் படித்துவிட்டு, "பேரே இல்லையேம்மா?" என்றார்.

"நான் பாக்கலீங்க சார்."

"அங்க வேற யாரு எறிவாங்க? உங்களுக்கே தெரியாதா?"

"நெனைக்கறது வேறைங்க, பாத்தது வேறைங்க. பாக்காததை எழுதித் தரச் சொல்லாதீங்க. நான் கோர்ட்டுல சொன்னது ஒவ்வொண்ணும் நடந்தது நடந்தபடிதானுங்க. அதனாலதான் ஜட்ஜு ஐயா நம்புனாரு. இப்ப இதுல ஒரு பொய்யச் சேத்தா, அதெல்லாமும் பொய்யாப் போயிருமுங்க," என்றார்.

இன்ஸ்பெக்டர் தாளை மடித்து ஸ்டேஷன் ரைட்டரிடம் கொடுத்தார். மண்டபத்தில் இருந்தவர்களை அன்று மாலையே விட்டுவிட்டோம். பாயம்மா போன பிறகு இன்ஸ்பெக்டர் என்னிடம், "கஷ்டமான பொம்பளைம்மா," என்றார். அதை அவர் பாராட்டாகத்தான் சொன்னார் என்று எனக்குப் பட்டது.

மறுநாள் ரீல் வண்டி வந்தபோது சங்கத்திலிருந்து நான்கைந்து பேர்தான் வந்தார்கள். மற்றவர்கள் தூரத்தில் நின்று பார்த்தார்கள். ரீல் ஒவ்வொன்றும் ஆள் மார்பு உயரம். பலகையைச் சாய்த்து, கயிறு போட்டு, இரண்டு பேர் மேலிருந்து பிடித்துக்கொள்ள, கீழே இருப்பவர்கள் முதுகைக் கொடுத்து உருட்டி இறக்கினார்கள். பிடி தவறினால் கால் போய்விடும். பாயம்மா வேலை முடியும்வரை அங்கேயே நின்று, முடிந்த கையோடு கூலியைக் கொடுத்தார். அடுத்த வண்டிக்கு இன்னும் சிலர் வந்தார்கள். உயரமான பெண்ணின் கணவன் அப்போதும் வரவில்லை.

எங்கள் பந்தோபஸ்து சில வாரம் தொடர்ந்தது. நாள்தோறும் கேட்டருகே ஒரு வேப்பமர நிழலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பேன். பெட்டிக் கட்டுகள் வெளியே போகும், யாரும் மறிக்கவில்லை. தலைவர் மட்டும் சங்கத்தில் மற்றவர்களோடு மனத்தாங்கலாகி, பதவியை விட்டு ஒதுங்கிவிட்டார் என்று கேள்விப்பட்டேன். ஒரு நாள் பெருந்துறை பஸ் நிலையத்துக்கு வெளியே அவரே என்னைப் பார்த்துக் கும்பிட்டார்.

"மேடம், அன்னிக்கு ஸ்டேஷன்ல என் பேரை எழுதச் சொன்னாங்களாமே?" என்று கேட்டார். யார் அவருக்குச் சொன்னார்கள் என்று தெரியவில்லை.

"சத்தியமா நான் எறியலீங்க. எறியச் சொல்லவும் இல்லீங்க. ஆனா அந்தம்மா எழுதியிருந்தா என்னை யாரு நம்பியிருப்பாங்க? எனக்கு அவிய மேல கோவம் போகலீங்க. இருந்தாலும் அவிய பொய் எழுதலைங்கறதைச் சொல்லணும்னு தோணுச்சு. நீங்க அவியகிட்டச் சொல்ல வேண்டாம்." அவ்வளவு சொல்லிவிட்டுப் பஸ் ஏறிப்போனார். கோபம் போகவில்லை என்று மறைக்காமல் சொன்ன அந்த மனிதரையும் எனக்கு மதிக்கத்தான் தோன்றியது.

கடைசியில் பாதுகாப்பை எடுத்துவிடும்படி கேட்டதும் பாயம்மாதான். வழக்கு முழுசாக முடியட்டும், அதுவரை இரண்டு பேராவது இருக்கட்டும் என்றார் இன்ஸ்பெக்டர்.

"இத்தனை நாள் நின்னதுக்கு நான் கடமைப்பட்டிருக்கேனுங்க," என்றார் பாயம்மா. "ஆனா வாசல்ல போலீசு நின்னுக்கிட்டே இருந்தா, புதுசா வேலை கேட்டு வர்ற புள்ளைங்க திரும்பிப் போயிருதுங்க. தேவைப்பட்டா நானே வந்து கேக்கறேன்." கோர்ட்டிலும் வக்கீல் மூலம் அப்படியே சொல்லிவிட்டதாகச் சொன்னார்.

நாங்கள் கிளம்பிய நாளன்று ஒரு ரீல் வண்டி வந்திருந்தது. கீழே முதுகைக் கொடுத்து உருட்டிக்கொண்டிருந்தவர்களில் அந்த உயரமான பெண்ணின் கணவனும் இருந்தான். எப்போது வந்து சேர்ந்தான் என்று எனக்குத் தெரியாது. அவள் கொஞ்சம் தள்ளிப் பெட்டிக் கட்டுகளை ஏற்றிக்கொண்டிருந்தாள். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை. வேலை முடிந்து சங்கு ஊதியதும் அவள் மொபெட்டை எடுத்துக்கொண்டு கேட்டுக்கு வெளியே வந்து நிறுத்தினாள். அவன் கை கால் கழுவிக்கொண்டு வந்து, அவள் தோளிலிருந்த பையை வாங்கித் தன் மடியில் வைத்துக்கொண்டு பின்னால் உட்கார்ந்தான். அவள்தான் ஓட்டிப்போனாள்.